பெய்ஜிங்கிலிருந்து நேராகத் தமிழுக்கு: சீனம் தெரிந்த நிருபருக்கான வேலைக் குறிப்புகள்

சீனத்தில் ஜியேஜியே என்றால் அக்கா, மெய்மெய் என்றால் தங்கை. செய்தி ஆங்கிலம் வழியாக வந்தால் இரண்டும் ஒரே சொல்லாகிவிடும். தமிழ் டெஸ்க்கில், அதாவது செய்தியைத் திருத்தும் பிரிவில், அது 'சகோதரி' என்று அச்சாகும். சீனத்தில் இருந்த விவரம், தமிழிலும் இடமுள்ள விவரம், நடுவழியில் தொலைந்துபோயிற்று. தமிழில் வரும் சீனச் செய்திகளில் பெரும்பகுதி இப்படி இரண்டு கை மாறி வந்தவை. சீன மூலத்தைத் தானே படித்து, தானே கேட்டு, தமிழில் எழுதும் நிருபர் பெய்ஜிங்கில் இருப்பதன் பயனே அந்த நடுக்கையை விலக்குவதுதான்.

மொழி எவ்வளவு தெரிய வேண்டும்? அமெரிக்க வெளியுறவுத் துறை தன் அதிகாரிகளுக்குச் சீனம் கற்பிக்க 88 வாரம், 2,200 வகுப்பு மணி நேரம் ஒதுக்குகிறது. சீன அரசு 2013-ல் வெளியிட்ட பொதுத் தர எழுத்துப் பட்டியலில் 8,105 எழுத்துகள் உண்டு. அதில் முதல் நிலை 3,500. அந்த 3,500 கைவந்தால் நாளிதழ் தடுமாறாமல் ஓடும். ஆனால் பேட்டிக்கு அது போதாது. சிச்சுவான் கிழவர் ஒருவர் தம் ஊர்ப் பேச்சில் பேசினால், தேர்வில் முதல் மதிப்பெண் எடுத்தவரும் விழிப்பார். அதைப் பின்னால் பார்ப்போம். முதலில் காகிதங்கள்.

விசாவும் அட்டையும்

செய்தி சேகரிக்க ஜே விசா வேண்டும். 180 நாளுக்கு மேல் தங்கி வேலை பார்ப்பவருக்கு ஜே-1, குறுகிய காலத்துக்கு வருபவருக்கு ஜே-2. சுற்றுலா விசாவில் போய்ப் பேட்டி எடுக்கலாம் என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். பிடிபட்டால் உங்களை விமானம் ஏற்றி அனுப்பிவிடுவார்கள். உங்களிடம் பேசியவர் அங்கேயே இருக்க வேண்டியவர்.

ஜே-1 விண்ணப்பத்துக்கு நிறுவனம் பின்னால் நிற்க வேண்டும். நிறுவனத் தலைமை கையெழுத்திட்ட கடிதம், நிறுவனத்தைப் பற்றிய அறிமுகம், நிருபரின் தன்விவரம், அவர் தொழில்முறைச் செய்தியாளர் என்பதற்குச் சான்று ஆகியவை சீன வெளியுறவு அமைச்சின் செய்தித் துறைக்குப் போகும். ஒப்புதல் வந்தபின் விசா. போய்ச் சேர்ந்ததும் அமைச்சில் செய்தியாளர் அட்டை. நாட்டுக்குள் நுழைந்த 30 நாளுக்குள் பொதுப் பாதுகாப்புத் துறையின் குடிநுழைவு அலுவலகத்தில் வசிப்பு அனுமதி கேட்டாக வேண்டும். இதற்கெல்லாம் முன்னதாக, தங்கும் இடத்தை 24 மணி நேரத்துக்குள் காவல்துறையில் பதிய வேண்டும். ஓட்டல் என்றால் அவர்களே பதிவார்கள், வீடு என்றால் நீங்கள்தான் போக வேண்டும். புதியவர்கள் தவறவிடுவது இதைத்தான். பதிவுச் சீட்டு இல்லாவிட்டால் வசிப்பு அனுமதி அங்கேயே நின்றுவிடும். ஊருக்குப் போய்த் திரும்பி வந்தால் மறுபடி பதிய வேண்டுமா என்பது பகுதிக்குப் பகுதி மாறுகிறது. உங்கள் பகுதிக் காவல் நிலையத்திலேயே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். பாஸ்போர்ட் எப்போதும் கையில் இருக்கட்டும். 16 வயது நிரம்பிய வெளிநாட்டவருக்கு அது சட்டம்.

அட்டையும் அனுமதியும் அவ்வப்போது புதுப்பிக்கப்படுபவை. அந்தப் புதுப்பித்தலே சமயத்தில் பிடியாகிவிடும். 2023-ல் இந்தியாவும் சீனாவும் எதிர்த்தரப்பு நிருபர்களின் விசாவைப் புதுப்பிக்காமல் விட்டதில், பெய்ஜிங்கில் இருந்த இந்திய நிருபர்கள் கிட்டத்தட்ட எல்லோரும் கிளம்ப வேண்டியதாயிற்று. ஆகவே மூலப் பதிவுகள், தொடர்பு எண்கள், சொற்பட்டியல் எதையும் பெய்ஜிங் அலுவலகத்தில் மட்டும் வைத்திருக்காதீர்கள்.

கையில் எப்போதும் ஒரு தாள் வைத்திருங்கள்: வெளிநாட்டுச் செய்தியாளர்கள் பற்றிய, சீன அமைச்சரவையான அரசவையின் 537-ஆம் எண் ஆணை, 2008 அக்டோபர் 17 முதல் நடைமுறையில் உள்ளது. அதன் 17-ஆம் பிரிவின்படி, ஒருவரைப் பேட்டி காண அவரோ அந்த நிறுவனமோ சம்மதித்தால் போதும். மாவட்ட அதிகாரி வந்து 'மேலிட அனுமதி எங்கே?' என்று கேட்கும்போது, சீன மொழியிலேயே அச்சிட்ட அந்தப் பிரிவை நீட்டினால் பாதிச் சண்டை குறையும். மீதிப் பாதி குறையாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். திபெத் தன்னாட்சிப் பகுதிக்கு மட்டும் தனி முன்னனுமதி கட்டாயம். சின்ஜியாங்குக்குச் சட்டப்படி அப்படி ஒன்றும் இல்லை. ஆனால் உங்கள் பின்னால் கார் வரும், சாலை திடீரென்று 'பழுது பார்க்கப்படும்'.

ஒரு நாளின் நேரக் கணக்கு

சீனா முழுவதற்கும் ஒரே நேரம், பெய்ஜிங் நேரம். சென்னை, கொழும்புக்கு இரண்டரை மணி நேரம் முன்னால். சிங்கப்பூர், கோலாலம்பூருக்குச் சமம். சின்ஜியாங்கில் பலர் இரண்டு மணி நேரம் பின்தங்கிய உள்ளூர் நேரத்தையும் வைத்துக்கொள்கிறார்கள். அதன் தலைநகர் உரும்ச்சியில் 'பத்து மணிக்கு வாருங்கள்' என்றால் எந்தப் பத்து மணி என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

வேலை நாட்களில் மாலை 3 மணிக்கு வெளியுறவு அமைச்சின் செய்தியாளர் சந்திப்பு. சென்னையில் அப்போது மதியம் 12.30, பிற்பகல் இணையப் பதிப்புக்குத் தோதான நேரம். ஆகஸ்டில் இரண்டு வாரம் விடுமுறை உண்டு. சந்திப்பின் எழுத்துப் பதிவு அமைச்சின் தளத்தில் ஏறும்; ஆனால் சங்கடமான கேள்வி-பதில் சில அந்தப் பதிவில் இல்லாமல் போவதுண்டு. அதனால் அறையில் இருக்கும்போதே ஒலிப்பதிவு செய்யுங்கள், கேள்வியையும் சேர்த்து. ஆங்கிலப் பதிவையும் சீனப் பதிவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒரு வாக்கியம் ஆங்கிலத்தில் மெலிந்திருந்தால், மேற்கோளுக்குச் சீனத்தையே எடுங்கள்.

விலைவாசிக் குறியீடு போன்ற மாதாந்தரப் புள்ளிவிவரங்கள் காலை 9.30-க்கு வரும். மாலை 7 மணிக்கு அரசுத் தொலைக்காட்சியின் அரை மணிச் செய்தி. அதில் யாருக்குப் பின் யார் காட்டப்படுகிறார், யார் பெயர் இல்லை என்பதே செய்தி. கட்சி நாளிதழான மக்கள் தினசரியின் முதல் பக்கத்தையும் அப்படித்தான் பார்க்க வேண்டும். ஆண்டின் பெரிய வாரம் மார்ச்சில் வரும் லியாங்ஹுய், அதாவது இரு அவைக் கூட்டங்கள். தேசிய மக்கள் பேரவை வழக்கமாக மார்ச் 5 அன்று தொடங்கும். அன்றே பிரதமரின் அரசுப் பணி அறிக்கை. முடிவில் பிரதமர் செய்தியாளரைச் சந்திக்கும் வழக்கம் 2024-ல் கைவிடப்பட்டது. வெளிநாட்டு நிருபர் ஒருவர் பிரதமரை நேருக்கு நேர் கேள்வி கேட்க இருந்த ஒரே சடங்கும் அத்தோடு போயிற்று.

அறிக்கையைப் படிப்பது

சீன அரசு, கட்சி அறிக்கைகள் புதிதாக எழுதப்படுபவை அல்ல. சென்ற முறை எழுதியதை எடுத்துச் சில இடங்களில் தட்டிக் கொட்டுவார்கள். கட்டிய சொற்றொடருக்குத் தீஃபா என்று பெயர். தீஃபா வந்ததா, போனதா, ஒரு அடை மாறியதா என்பதில்தான் சேதி இருக்கும். எனவே புதிய அறிக்கையை மட்டும் படித்தால் எதுவும் தெரியாது. சென்ற ஆண்டுப் பிரதியைத் திறந்து, பத்தி பத்தியாக ஒப்பிட்டு, வேறுபட்ட இடங்களை மட்டும் வண்ணமிடுங்கள். கணினியில் இரு கோப்பை ஒப்பிடும் எந்தக் கருவியும் இதைச் செய்யும், இருபது நிமிட வேலை.

கிட்டப் போய் ஒன்றைப் பார்ப்போம். 2023 பணி அறிக்கையின் தைவான் பத்தியில் 'தாய்நாட்டின் அமைதியான இணைப்பு' என்று இருந்தது. 2024 மார்ச் 5 அறிக்கையில் இணைப்பைச் சொல்லும் அந்த இடத்தில் 'அமைதியான' என்ற அடை இல்லை. 'உறுதியாக முன்னெடுப்போம்' என்ற தொனி வந்தது. செய்திதான், மறுப்பதற்கில்லை. ஆனால் 'அறிக்கையிலிருந்து அமைதி என்ற சொல்லே நீக்கப்பட்டது' என்று தலைப்பிட்டால் தவறு. அதே வாக்கியத்தில், இரு கரை (சீனா–தைவான்) உறவுகளின் 'அமைதியான வளர்ச்சி' என்ற தொடர் அப்படியே இருந்தது. எந்தப் பெயர்ச்சொல்லின் முன்னிருந்து அடை போனது என்று சொல்லாமல் எழுதினால் போர் மூளப் போவது போல் ஆகிவிடும்.

வீட்டு மனைச் செய்தியிலும் இதே கதை. 'வீடு குடியிருக்க, சூதாட அல்ல' என்ற நாலெழுத்துத் தொடர், ஃபாங் ஜூ பூ சாவ், 2016 டிசம்பரிலிருந்து கூட்டத்துக்குக் கூட்டம் வந்துகொண்டிருந்தது. 2023 ஜூலைப் பொலிட்பீரோ அறிக்கையில் காணோம். கொள்கை தளரப் போகிறது என்பதற்கு அந்த இல்லாமையே அறிகுறி. 2024 டிசம்பரில் நாணயக் கொள்கைக்கு 2010 இறுதியிலிருந்து இருந்துவந்த 'நிதானமான' என்ற அடை 'ஓரளவு தளர்வான' என்று மாறியபோது சந்தையே துள்ளியது. இத்தகைய தொடர்களுக்கு ஒரு சொற்பட்டியல் வைத்திருங்கள்: சீன உச்சரிப்பு, தமிழ்ப் பெயர்ப்பு, முதலில் வந்த நாள், கடைசியாக வந்த நாள் என நான்கு கட்டம். ஒரு தீஃபாவுக்கு ஒரு தமிழ்த் தொடர்தான். அழகுக்காக ஒவ்வொரு முறையும் மாற்றி எழுதினால், மாறாத இடத்திலும் மாறியதாக வாசகர் நினைத்துக்கொள்வார். பள்ளிக்கூடத்தில் 'ஒரே சொல்லைத் திரும்ப எழுதாதே' என்று சொல்லிக் கொடுத்ததை இங்கே மறந்துவிட வேண்டும்.

வேறு சில சொற்கள் குறிச்சொற்கள். ஓர் அதிகாரிமேல் 'ஒழுங்கையும் சட்டத்தையும் கடுமையாக மீறிய' சந்தேகம் என்றால் பெரும்பாலும் ஊழல் விசாரணை. ஷுவாங்காய் என்பதைச் சொல்லுக்குச் சொல் 'இரட்டைத் திறப்பு' என்று பெயர்த்தால் சிரிப்பார்கள். கட்சியிலிருந்தும் பதவியிலிருந்தும் சேர்த்து நீக்குவது அது. யோவ்குவான் பூமென், 'சம்பந்தப்பட்ட துறை', எந்தத் துறை என்று சொல்ல விருப்பமில்லை என்பதன் மரியாதையான வடிவம். 'தேநீர் குடிக்க அழைத்தார்கள்' என்று ஒருவர் முகம் வாடிச் சொன்னால் போலீஸ் கூப்பிட்டது என்று பொருள். பதவிகளிலும் கவனம் வேண்டும்: நகரின் கட்சிச் செயலர்தான் பெரியவர், மேயர் அவருக்கு அடுத்தபடி. 'நகரம்' என்பதும் நாம் நினைக்கும் நகரமாக இருக்காது. சோங்சிங் மாநகரின் பரப்பு 82,000 சதுர கிலோமீட்டருக்கு மேல், இலங்கையைவிடப் பெரிது. மலைக் கிராமத்தில் நடந்த விபத்தை 'சோங்சிங் நகரில்' என்று எழுதிவிடுவது சுலபம்.

கோபத்தின் படிக்கட்டு

வெளியுறவு அமைச்சுப் பேச்சாளரின் கோபத்துக்கு அளவுகோல் உண்டு. குவான்சியே என்றால் கரிசனை, அக்கறை. யீஹான் வருத்தம். ஜியன்ஜுவே ஃபான்துய் உறுதியான எதிர்ப்பு. யான்ஜெங் ஜியாவ்ஷே என்றால் தூதரை அழைத்தோ வேறு முறையிலோ முறையாக ஆட்சேபத்தைத் தெரிவித்தது. இது ஒரு செயல், வெறும் உணர்ச்சி இல்லை. சியாங்லியே காங்யீ கடும் கண்டன முறையீடு. இவை எல்லாவற்றையும் 'சீனா கடும் கண்டனம்' என்று ஒரே அச்சில் வார்ப்பதுதான் தமிழ்ச் செய்தியின் பழைய வியாதி. அன்றாடக் கண்டனம் எது, அசாதாரணமானது எது என்று வாசகருக்குத் தெரியாமலே போகிறது. 'முன்னமே சொல்லவில்லை என்று சொல்லாதே' என்று பொருள்படும் வூ வெய் யான் ஜீ பூ யூ என்ற செந்தொடர் மேலே, உச்சிப் படியில் இருக்கிறது. வியட்நாம்மீது சீனா படையெடுப்பதற்கு முன் 1978 டிசம்பரில் மக்கள் தினசரியில் வந்தது. 2019 மே மாதம் அருமண் உலோகங்கள் பற்றிய கட்டுரையிலும் வந்தது. முதல் முறை படை போயிற்று, அடுத்த முறை போகவில்லை. வந்ததைச் சொல்லுங்கள், விளைவைச் சோசியம் சொல்லாதீர்கள்.

மன்னிப்பிலும் படிகள் உண்டு. 2001 ஏப்ரலில் அமெரிக்க உளவு விமானமும் சீனப் போர் விமானமும் மோதிய விவகாரம் ஒரு கடிதத்தில்தான் தீர்ந்தது. அமெரிக்கா ஆங்கிலத்தில் 'மிகவும் வருந்துகிறோம்' என்ற அளவில் நின்றது. சீனத் தரப்பு அதை ஆழ்ந்த சியன்யீ என்று பெயர்த்தது. சியன்யீ மன்னிப்பை ஒட்டிய சொல். இரு அரசும் தத்தம் மக்களிடம் தமக்கு வேண்டியதைச் சொல்லிக்கொள்ள அந்த இடைவெளி உதவியது. இப்படிப்பட்ட இடத்தில் தமிழ் நிருபர் ஒரே சொல்லைத் தேர்ந்து எழுதினால் ஒரு தரப்பின் வாயாகிவிடுவார். இரண்டு மொழியிலும் என்ன இருந்தது என்று தனித்தனியே சொல்வதே சரி.

இடப்பெயர்களுக்கும் அதே விதி. அருணாசலப் பிரதேசத்தைச் சீனா ஸாங்னான் என்கிறது. அங்குள்ள இடங்களுக்குத் தன் பெயர்ப் பட்டியலை 2017 முதல் பலமுறை வெளியிட்டிருக்கிறது. சீன அறிக்கையை மளமளவென்று பெயர்க்கும்போது ஸாங்னான் உங்கள் சொந்த வாக்கியத்துக்குள் நுழைந்துவிடும். மேற்கோளுக்குள் அவர்கள் சொல், வெளியே உங்கள் பத்திரிகையின் நடை.

எண்கள்: தமிழுக்குக் கிடைத்த வரம்

பிழை அதிகம் நுழைவது எண்ணில்தான், ஆனால் தமிழர்களுக்கு இங்கே ஒரு வசதி இருக்கிறது. சீனர்கள் ஆயிரம் ஆயிரமாக எண்ணுவதில்லை. பத்தாயிரம் பத்தாயிரமாக எண்ணுகிறார்கள். வான் என்றால் 10,000. யீ என்றால் 10 கோடி. ஆகவே 10 வான் ஒரு லட்சம், 1,000 வான் ஒரு கோடி, ஒரு யீ பத்துக் கோடி. இரண்டையும் சேர்த்த வான்யீ சரியாக ஒரு லட்சம் கோடி. ஆங்கிலத்தின் மில்லியன், பில்லியனுக்கு ஏறி இறங்கத் தேவையே இல்லை. 2024-ன் சீன உள்நாட்டு உற்பத்தி 13,49,084 யீ யுவான். கடைசி நான்கு இலக்கத்துக்கு முன் புள்ளி வைத்தால் 134.9 வான்யீ, அப்படியே 134.9 லட்சம் கோடி யுவான். முடிந்தது.

பிழை எப்படி வருகிறது? ஆங்கிலச் செய்தி ஏஜென்சிப் பிரதியில் டிரில்லியனாகப் போய், அங்கிருந்து தமிழுக்குத் திரும்பும்போது ஒரு பூஜ்யம் விழுந்துவிடும். சரிபார்க்க ஒரு நங்கூரம் போதும்: சீன மக்கள்தொகை 14 யீ சொச்சம், அதாவது 140 கோடி. எந்தக் கணக்கையும் தலைக்கு எவ்வளவு என்று வகுத்துப் பாருங்கள். அபத்தம் உடனே பல்லிளிக்கும்.

அடுத்தது மடங்கு, சீனத்தில் பெய். 'இரண்டு பெய் கூடியது' என்றால் பழைய அளவோடு இரு மடங்கு சேர்ந்தது, மொத்தம் மூன்று மடங்கு. 'இரண்டு பெய்க்குக் கூடியது' என்றால் இரு மடங்கு. ஒற்றை அசை வேறுபாடு. முதலதில் லே, அடுத்ததில் தாவ். ஃபான் யீ ஃபான் இரட்டிப்பு. ஃபான் லியாங் ஃபான் என்றால் இரட்டிப்பின் இரட்டிப்பு, நான்கு மடங்கு. கடையில் 'பா ஜே' என்று எழுதியிருந்தால் 80 சதவீதத் தள்ளுபடி அல்ல, 80 சதவீத விலை. தோங்பி சென்ற ஆண்டு இதே காலத்தோடு ஒப்பீடு, ஹுவான்பி முந்தைய மாதத்தோடு அல்லது காலாண்டோடு. சதவீதமும் சதவீதப் புள்ளியும் சீனத்தில் வேறு வேறு சொல். தமிழில் அவசரத்தில் ஒன்றாகிவிடும். 2 சதவீதத்திலிருந்து 3 சதவீதமானது ஒரு புள்ளி உயர்வு, ஒரு சதவீத உயர்வு அல்ல.

சட்டச் செய்தியில் 'யீஷாங்' (மேல்), 'யீஷியா' (கீழ்) வரும்போது, சிவில் சட்டத் தொகுப்பின் 1259-ஆம் பிரிவைப் பின்பற்றுங்கள்: அந்த எண்ணும் உள்ளே. '18 யீஷாங்' என்றால் 18-ம் அதற்கு மேலும். தமிழில் '18-க்கு மேல்' என்று எழுதினால் 18 வயதுக்காரரை வெளியே தள்ளிவிட்டீர்கள். சாவ்குவோ (தாண்டிய), பூமான் (நிரம்பாத) என்று வந்தால் அந்த எண் சேராது.

அளவைகளில் ஜின் என்பது அரைக் கிலோ, கோங்ஜின் ஒரு கிலோ. லி அரைக் கிலோமீட்டர், கோங்லி ஒரு கிலோமீட்டர். மு என்றால் ஹெக்டேரில் 15-ல் ஒரு பங்கு, ஏறக்குறைய 667 சதுர மீட்டர். தானிய விளைச்சலை அரசு ஜின்னில் பெருமையாகச் சொல்லும்; 2024-ல் 14,130 யீ ஜின். பாதியாக்கிக் கிலோவுக்குக் கொண்டுவந்தால் 70.65 கோடி டன். இந்தப் பாதியாக்கும் அடியை விட்டுவிட்டால் சீனா ஒரே இரவில் இரட்டை விளைச்சல் கண்டுவிடும்.

தமிழாக்கும்போது

சீனமும் தமிழும் ஒரு விஷயத்தில் ஒரே கட்சி: பெயருக்கு முன்னால் அதன் விளக்கம் முழுவதும் வரும். 'நேற்று ஷாங்ஹாயில் கைதான, மூன்று வங்கிகளில் வேலை பார்த்த அதிகாரி' என்பது சீன வாக்கியத்தின் அதே வரிசை. ஆங்கிலம் இதைத் தலைகீழாக்கும், தமிழாக்குபவர் மறுபடி புரட்டுவார். இரண்டு புரட்டலில் 'மூன்று வங்கிகள்' யாருடையவை என்பது நழுவும். நேராக வந்தால் பெயரெச்சமே போதும். என்றாலும் இரண்டு எச்சத்துக்கு மேல் அடுக்காதீர்கள். சீன அறிக்கை ஐந்து அடுக்கும், அதன் சுமையை வாசகர் தலையில் ஏற்ற வேண்டியதில்லை.

சீன வினைக்குக் காலமில்லை, எண்ணில்லை, எழுவாயும் பாதி நேரம் இராது. ஒரு விவசாயி இப்படிச் சொல்வதாக வைத்துக்கொள்வோம்: 'தீ மெய் லே. ஷுவோ ஷீ கெய் சியன். தாவ் ஷியன்ஸாய் மெய் ஜியன்ஜாவ்.' இயந்திரம் இதை 'நிலம் இல்லை. அவர் பணம் கொடுப்பதாகக் கூறினார். அவர் இதுவரை பார்க்கவில்லை' என்று இரண்டு 'அவர்'களைப் படைத்துத் தரும். மூலத்தில் யாரும் இல்லை. தமிழில் 'நிலம் போச்சு. பணம் தர்றதா சொன்னாங்க. இதுவரைக்கும் கண்ணால பாக்கல' என்றால் வேலை முடிந்தது. யார் சொன்னது என்று சொல்லாமலே எல்லோருக்கும் புரியவைக்கும் அந்தச் 'சொன்னாங்க', சீனத்தின் ஷுவோ ஷீக்கு அச்சு அசலான இணை. ஆனால் நிருபர் அதோடு நிற்கக் கூடாது. அங்கேயே 'ஷேய் ஷுவோ தே?', யார் சொன்னது, என்று கேட்க வேண்டும். கிராமக் குழுவா, கட்டுமான நிறுவனமா, மாவட்ட அலுவலகமா என்பதுதான் செய்தி.

பேச்சில் தா என்ற ஒரே ஒலி அவன், அவள் இரண்டுக்கும். எழுத்தில்தான் பிரியும். தொலைபேசிப் பேட்டியில் மூன்றாம் ஆள் ஆணா பெண்ணா என்று தெரியாவிட்டால் தமிழின் 'அவர்' காப்பாற்றும். அதற்காகக் கேட்காமல் விடாதீர்கள், அடுத்த பத்தியில் 'மனைவி' வந்தால் மாட்டிக்கொள்வீர்கள்.

நாம், நாங்கள் வேறுபாடு பெய்ஜிங் பேச்சில் உண்டு: ஸான்மென் என்றால் கேட்பவரையும் சேர்த்த நாம். வோமென் இரண்டுக்கும் வரும். அதிகாரி உங்களிடம் வோமென் என்றால் 'நாங்கள்'; கட்சிக் கூட்டத்தில் தன் ஆட்களிடம் சொன்னால் 'நாம்'. அறிக்கைகளில் வரும் வோகுவோ, 'நம் நாடு', மேற்கோளுக்கு வெளியே 'சீனா' என்று ஆக வேண்டும். அதை மறந்தவர்களின் பிரதியில் நிருபரே சீனக் குடிமகனாகிவிடுகிறார்.

உறவுமுறையில் தமிழ் கொடுத்துவைத்த மொழி. போபோ பெரியப்பா, ஷூஷூ சித்தப்பா, ஜியூஜியூ தாய்மாமன், கூகூ அத்தை. ஒரு பள்ளம் மட்டும் உண்டு. தாங் என்ற முன்னொட்டு பெரியப்பா, சித்தப்பா மக்களுக்கு. பியாவ் மற்ற எல்லோருக்கும். ஆகவே பியாவ்ஜியே மாமா மகளாகவும் இருக்கலாம், பெரியம்மா மகளாகவும் இருக்கலாம். தமிழில் முன்னவர் முறைப்பெண் வரிசை, பின்னவர் அக்கா. எந்தப் பக்கம் என்று கேட்காமல் எழுத வழியில்லை. தெருவில் யாரையும் ஷூஷூ, ஆயி (சின்னம்மா) என்று கூப்பிடுவது மரியாதைக்கு. உறவு என்று எழுதிவிடாதீர்கள்.

பெயர்கள்: குடும்பப் பெயர் முதலில். இரண்டாம் குறிப்பில் 'ஷி' என்று எழுதலாம், 'ஜின்பிங்' என்றல்ல. சீனத்தை ரோமன் எழுத்தில் எழுதும் பின்யினை ஆங்கிலமாகப் படித்ததால்தான் ஷி சில இடத்தில் 'க்சி' ஆனார். மாவோ சேதுங், சூ என்லாய் போல ஊறிப்போனவற்றைத் திருத்தப் போகாதீர்கள். ஷான்ஷி என்று தமிழில் எழுதினால் இரண்டு மாகாணங்கள். சீஆனைத் தலைநகராகக் கொண்டதா, தாய்யுவானைக் கொண்டதா என்று முதல் குறிப்பிலேயே சொல்லிவிடுங்கள். சூஜோவும் இரண்டு, ஜியாங்சுவில் ஒன்று, ஆன்ஹுயில் ஒன்று. வெளிநாட்டுப் பெயர்களில் டிரம்ப் சீனப் பெருநிலத்தில் தெலாங்பு, தைவானில் சுவான்பு. 2019 அக்டோபரில் மாமல்லபுரத்தில் நடந்த ஷி–மோதி சந்திப்பைச் சீனப் பதிவுகளில் தேட வேண்டுமானால் 'ஜின்னாய்' என்று தேடுங்கள். அவர்களுக்கு அது சென்னைச் சந்திப்பு.

பேட்டியும் உடனிருப்பவரும்

இரண்டு கருவியில் பதியுங்கள். அன்றிரவே மூன்று வரியாக எழுதிவிடுங்கள்: சொன்ன சீனம், அதன் கீழே சொல்லுக்குச் சொல், அதன் கீழே தமிழ். பக்கத்தில் ஒலிப்பதிவின் நிமிடமும் நொடியும். மறுப்பு வந்தால் இந்த மூன்று வரிதான் சாட்சி. கேள்வியையும் எழுதுங்கள். பிரெஞ்சுப் புரட்சியைப் பற்றி 'இப்போது சொல்லிவிட முடியாது' என்று 1972-ல் சூ என்லாய் சொன்னதாக உலகம் நாற்பது ஆண்டு மேற்கோள் காட்டியது. அவர் பேசியது 1968 பாரிஸ் கிளர்ச்சியைப் பற்றி என்று அப்போது உரைபெயர்ப்பாளராக இருந்த சாஸ் ஃப்ரீமன் 2011-ல் விளக்கினார். பதில் பிழையில்லாமல் வந்தது, கேள்வி தொலைந்தது.

'யான்ஜியூ யான்ஜியூ', ஆராய்ந்து பார்க்கிறோம், என்றால் இல்லை என்று பொருள். 'பூ ஃபாங்பியன்', வசதிப்படாது, என்றாலும் இல்லைதான், இன்னும் கொஞ்சம் உறுதியாக. 'கொள்கையளவில் சரி' என்றால் விலக்கு வரப்போகிறது.

கேன்டனீஸ், ஹொக்கியன், சிச்சுவான் வழக்கு பேசும் இடங்களுக்கு அந்த மாவட்டத்திலேயே பிறந்த உரைபெயர்ப்பாளரைத் தேடுங்கள். பக்கத்து மாவட்டத்துக்காரரே சமயத்தில் தடுமாறுவார். புறப்படும் முன் சொற்பட்டியலும் கேள்விகளும் அவர் கையில் இருக்க வேண்டும். தன்மையிலேயே பெயர்க்கச் சொல்லுங்கள்: 'அவர் பயந்ததாகச் சொல்கிறார்' என்று வேண்டாம், 'நான் பயந்தேன்'. சுருக்க வேண்டாம், அழகுபடுத்த வேண்டாம், புரியாததைப் புரியவில்லை என்று சொல்லிவிட வேண்டும்.

சீனக் குடிமக்களை வெளிநாட்டு நிறுவனங்கள் நிருபராக வைத்துக்கொள்ள முடியாது. உதவியாளராக மட்டும், அதுவும் அதற்கென உள்ள சேவை நிறுவனங்கள் வழியாக. ஆபத்தின் பெரும்பங்கும் அவர்கள் தலையில்தான் விடிகிறது, உங்களிடம் பாஸ்போர்ட் இருக்கிறது. பெயர் போட வேண்டுமா என்பதை அவர்களே முடிவு செய்யட்டும், ஒவ்வொரு கட்டுரைக்கும் தனித்தனியாக. அவர்களை அனுப்பிச் சிக்கலான கேள்வி கேட்கச் சொல்லாதீர்கள்.

சீன அரட்டைச் செயலியான வீச்சாட்டில் நாள், நேரம் முடிவு செய்யலாம். அதற்கு மேல் ஒன்றும் பேசாதீர்கள், அது உங்கள் இருவருக்குமான இடம் மட்டுமல்ல. 2023 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்திய உளவு எதிர்ப்புச் சட்டம், தேசியப் பாதுகாப்பும் நலனும் சார்ந்த 'ஆவணம், தரவு, பொருள்' வரை விரிகிறது. பேட்டி கொடுப்பவர் காகிதம் நீட்டினால், பொது வெளியில் கிடைப்பதா என்று முதலில் பாருங்கள். புகைப்பட இடத்தைச் சரிபார்க்கும்போது இன்னொன்று: சீன வரைபடங்கள் வேண்டுமென்றே சில நூறு மீட்டர் வரை தள்ளிவைத்த ஆயத்தொலைவு முறையைப் பயன்படுத்துகின்றன. கைபேசிப் படத்தின் ஆயத்தை அப்படியே உள்ளூர் வரைபடத்தில் வைத்தால் ஆற்றின் எதிர்க்கரையில் விழும். மாற்றித் தரும் நிரல்கள் இருக்கின்றன. மாற்றிய பிறகே 'இந்த ஆலைதான்' என்று எழுதுங்கள்.

அனுப்பும் முன்

பிரதியை ஆங்கில ஏஜென்சிச் செய்தியோடு ஒரு முறை ஒப்பிடுங்கள், திருத்திக்கொள்வதற்காக மட்டுமல்ல, எங்கே வேறுபடுகிறது என்று அறிய. வேறுபட்டால் சென்னை டெஸ்க்கில் கேள்வி வரும். அதற்குள் சீன வாக்கியம், வெளியான நேரம், உங்கள் பெயர்ப்பு மூன்றையும் பிரதியின் அடியில் குறிப்பாக ஒட்டிவிடுங்கள். இரவு 11 மணிக்கு 'ஏஜென்சியில் இரண்டு மடங்கு என்று இருக்கிறதே, நீங்கள் மூன்று என்கிறீர்களே' என்று போன் வரும்போது, பெய்ஜிங்கில் அதிகாலை ஒன்றரை. குறிப்பு இருந்தால் டெஸ்க்கே பார்த்துக்கொள்ளும்.